எரிக்க வந்தவர் படிப்பார்

பிரிக்பீல்ட்ஸ், 1944

மகனே,

ஜப்பான்காரன் வீடு வீடாகச் சோதனை போடுகிறான் என்று உன் இங்கிலீஷ் புத்தகங்களை அடுப்பில் போட்டேன். நீ எழுதிய கதை நோட்டும் கையில் வந்தது. உருப்படாத வேலை என்று திட்டினேனே, அதேதான்.

ஏதோ மாய நாடு. அங்கே தன்னைப் பற்றியே சொல்லும் பழைய நூல் ஒன்று. 'என்னை எரிக்க ஒரு கிழவர் வருவார். ஒரு பக்கம் படித்துவிட்டு அப்படியே உட்கார்ந்துவிடுவார்' என்கிறது.

உட்கார்ந்துவிட்டேன். மரவள்ளிக்கிழங்கு தீய்ந்ததுகூடத் தெரியவில்லை. "அப்பவே படிச்சிருக்கலாமே," என்றாள் உன் அம்மா.

உன்னோடு சயாமுக்கு ரயில்பாதை போடப் போன சனாவுல்லா திரும்பிவிட்டான். உன்னைப் பற்றிக் கேட்டால் பேச்சை மாற்றுகிறான்.

கடைசிப் பக்கத்தில், அந்த நூலை எழுதியவன் வீடு திரும்புகிறான். அது மட்டும் பொய்யாகட்டும், அப்புறம் இருக்கிறது உனக்கு.

அப்பா