கழுவிய தட்டும் வெட்டாத தலையும்

மங்கலம் பெருகுக. வெண்குருகு நாட்டின் வேந்தரும், ஏழு கோட்டைகளைக் கொண்டவரும், எட்டாவதற்குப் போகும்போது வழி தவறியவரும், புள்ளினக் காவலர் என்று தமக்குத் தாமே பட்டம் சூட்டிக்கொண்டவருமாகிய நெடுமுடிக்கோ அவர்களுக்கு, அவர் எல்லைப் பாசறையில் இருக்கும் காலத்து நாடாளும் பொறுப்பும் மோதிர முத்திரையும் ஏற்ற பட்டத்தரசி ஆதிரைமாதேவி விடுக்கும் ஓலை. ஆங்கே யானைகளும் குதிரைகளும் நலமென நம்புகிறோம்.

தாங்கள் கேட்ட தலை வந்து சேர்ந்திருக்கும். கழுத்தைவிட்டுப் பிரியாமல், கால்நடையாகவே வந்து, இந்த ஓலையைத் தங்கள் கையில் கொடுத்திருக்கும். வாளைத் தொடுமுன் முழுதும் வாசிக்க.

மூங்கில்நாட்டுத் தூதர் நக்கண்ணனார் கொணர்ந்த கம்பு மூட்டையிலிருந்து அள்ளி, புழக்கடை வேம்பில் தொங்கும் தேக்குத் தீனித்தட்டில் தாங்கள் போட்டீர்கள். மறுநாள் கிளிகளும் புறாக்களும் கண் வீங்கி, இறகு சிலிர்த்து, மரத்தடியில் விழுந்தன. உடனே நஞ்சு என்றீர்கள், தூதருக்குச் சிறை என்றீர்கள், படையைக் கிளப்பினீர்கள், பாசறை சேர்ந்ததும் அவர் தலையை அனுப்பச் சொன்னீர்கள். தூதர் வருமுன்பே விழுந்த புறாக்களின் பழியைப் பூனைமேல் போட்டது தங்களுக்கு மறந்துவிட்டது.

யாம் மூட்டையைப் பிரித்தோம். கோழிகளுக்குப் போட்டோம், தின்றுவிட்டுத் தெம்பாகச் சண்டை போட்டன. தூதரோ அதே கம்பில் கஞ்சி காய்ச்சச் சொல்லிச் சிறையிலேயே குடித்தார். கண்கொட்டாமல் பார்த்திருந்த காவலனிடம், "என்னய்யா அப்படிப் பாக்குற? சாகறதுக்கு நேரமாகும். அதுக்குள்ள ஊறுகாய் இருந்தா கொண்டா" என்றாராம். இன்றுவரை சாகவில்லை.

மூட்டையில் இல்லாத கேடு தட்டில் இருக்கவேண்டும் என்று கண்டு, அதை இறக்கச் சொன்னோம். ஒருவரும் அசையவில்லை. அரசர் கைபட்ட கலத்தைப் பிறர் கழுவினால் அவர் வெற்றியும் கழுவுநீரோடு போய்விடும் என்பது நம் குலவழக்கம் அன்றோ? தாங்கள் உண்பது வாழையிலையில் ஆதலால் இவ்வழக்கத்தால் இதுவரை யாருக்கும் கேடில்லை. பறவைகளுக்குத்தான் வந்தது வினை. சோதிடர் கோளரியார் குறுக்கே விழுந்து, "தேவி, கழுவினா ராசாவுக்கு ஆகாது" என்றார். "கழுவாம விட்டது பறவைக்கு ஆகல. தள்ளி நில்லுங்க" என்றோம். நின்றார்.

யாமே இறக்கினோம். மேலே புதுக் கம்பு. கீழே மழையில் ஊறிக் கறுத்துப் பூசணம் பிடித்த பழைய தினை. அதற்கும் கீழே, தங்கள் முடிசூட்டு விழாக் காலத்து எச்சம் என்று கருதத்தக்க ஒரு படிவு. பழையதன் தலையிலேயே புதியதைக் கொட்டிவிட்டு, புள்ளினங்கள் வாழ்த்துவதாக நாள்தோறும் சொல்லிப் போனீர்கள். அவை வாழ்த்தவில்லை, மூச்சுத் திணறின.

எல்லாவற்றையும் குழியில் கொட்டி மூடி, தட்டைச் சுரண்டி, கொதிநீர் ஊற்றி, சாம்பலும் தேங்காய்நாரும் கொண்டு தேய்த்து, மூலைகளை ஈர்க்குச்சியால் குடைந்து, ஈரம் அறவே போக வெயிலில் காயவைத்தோம். மரத்தடியையும் பெருக்கினோம். கழுவுநீரில் தங்கள் வெற்றி ஏதும் மிதக்கிறதா என்று தேடிப் பார்த்தோம், அகப்படவில்லை. கூடித் தின்றால் ஒட்டும் நோய் ஆதலால், அது ஓயும்வரை தட்டு வெறுமையாகவே இருக்கும். பின்னர் அன்றாடம் தீருமளவே தீனி, வாரந்தோறும் கழுவல்.

ஆகவே ஆணையிடுகிறோம். படை திரும்புக. திரும்புமுன், பறவைகளைக் கொன்றது மூங்கில்நாடு அன்று, எம் தட்டு என்று தாங்களே வீரர்களிடம் சொல்க. சிரிப்பார்கள். சிரிப்பு அடங்கிவிடும், வெட்டிய தலையை ஒட்டவைக்கும் தச்சர் நம் நாட்டில் இல்லை.

இவ்வோலையில் உள்ளதைத் தூதர் அறியார். வாசித்துக்காட்ட முன்வந்தோம், "அரசருக்கு எழுதினது, அரசரே படிக்கட்டும்மா" என்று மறுத்துவிட்டார். உள்ளே இருப்பது தம் உயிரா சாவா என்று தெரியாமலே அதைச் சுமந்து வந்த மனிதர், தாங்கள் இதை வாசித்து முடிக்கும்வரை எதிரில் நின்றுகொண்டே இருக்கிறார்.

முதலில் அவரை உட்காரச் சொல்க.

மோதிர முத்திரை பதிந்தது. மீறுதல் யார்க்கும் ஆகாது, வேந்தர்க்கும்.