சிறைவாசலில் முண்டியடித்த கூட்டம் குறித்து

முந்நதி நாட்டை ஒரு குடைக்கீழ்க் காக்கும் வேந்தர் நிலந்தாங்கியாரின் வாய்மொழி பெற்று, அவர்தம் மூத்த அமைச்சன் வெண்ணாகன், கீழைக்கரை மண்டலத்தின் காவலரும் பகைவர் அஞ்சும் வாளுடையவருமாகிய தண்டத்தலைவர் பேரெயிலாருக்கு விடுக்கும் ஓலை. தங்கள் கோட்டை நலமுறுக. தங்கள் ஆறு கரைக்குள் நடக்க. தங்கள் உப்பளங்கள் நல்ல வெயில் காண்க.

தாங்கள் விடுத்த ஓலை பேரவையில் படிக்கப்பட்டது. நாட்டில் அறம் தேய்ந்துவிட்டது என்றும், மக்கள் எல்லோரும் அவ்வாறே சொல்கின்றனர் என்றும், ஆகவே சொற்பிணை என்னும் பழைய வழக்கத்தை ஒழிக்க வேண்டும் என்றும் எழுதியிருந்தீர்கள். சிறையில் இருப்பவன் தன் வீட்டில் பிறப்போ இறப்போ நேர்ந்தால், கதவில் கைவைத்து வருவேன் என்று சொல்லிக் காவலின்றிப் போய்வரலாம். குறித்த நாளில் அவன் வர இயலாவிடில் வேறொருவர் அவன் இடத்தில் அமரலாம். அவன் வராமலே போனால் அவனுக்குரிய தண்டனை அமர்ந்தவரைச் சேரும் என்பது அவ்வழக்கம். களஞ்சிய நெல்லைக் கவர்ந்தான் என்று வழக்கிலிருக்கும் வண்டிக்காரன் குன்றன், மனைவியின் பேறுகாலத்துக்காக அக்கரை சென்றவன், முழுநிலவு நாளில் திரும்பவில்லை என்றீர்கள். அதே நாளில் சிறைவாசலில் ஒரு கூட்டம் முண்டியடித்துக் காவலரைத் தள்ளியது என்றும், இதைவிடக் கேட்டுக்கு வேறு சான்று வேண்டுமோ என்றும் கேட்டீர்கள். குன்றன் வீட்டைப் பறித்துப் பிள்ளை பெற்றவளை வெளியேற்ற ஏவலர் தயார் என்றும், ஆற்றில் வெள்ளம் வடிவதே பாக்கி என்றும் முடித்திருந்தீர்கள்.

வேந்தர் கேட்டு மனம் நொந்தார். சொற்பிணையை ஒழிக்கும் ஆணையும் எழுதப்பட்டது. இலச்சினை இடுமுன் நேரில் கண்டு வருக என்று, என் முழங்கால்களின் நிலை அறிந்தும், என்னையே அனுப்பினார்.

வந்தேன். தங்கள் சொல்லில் பாதி உண்மை என்பதை முதலில் ஒப்புகிறேன். காலம் கெட்டுவிட்டது என்று சொல்லாதவரை நான் வழியில் காணவில்லை. நெய்தற்குடியில் கேட்டேன், எங்கள் ஊர் இன்னும் கெடவில்லை, கல்லரணத்தார்தான் கெட்டுப்போயினர் என்றனர். கல்லரணத்தில் கேட்டேன், பனைமேட்டைக் காட்டினர். பனைமேட்டார் நெய்தற்குடியின் பெயர் சொல்லித் தலையில் அடித்துக்கொண்டனர். கெட்டது எங்கே என்று கேட்டால் எப்போதும் அடுத்த ஊரில் இருந்தது. அங்கே போனால் அதற்கும் அடுத்த ஊருக்குப் போய்விட்டிருந்தது. எனக்குக் கால்வலிதான் மிச்சம்.

பின்னர்த் தங்கள் சிறைக்குச் சென்றேன். கலகக்காரர் என்று சிறைக்காவலன் அடைத்து வைத்திருந்தவர்களை விசாரித்தேன். பேரெயிலாரே, அக்கூட்டம் எவரையும் விடுவிக்க வந்ததன்று. உள்ளே புகுவதற்காக முண்டியடித்த கூட்டம் அது.

வெள்ளம் வந்து ஓடம் நின்றதைக் கண்டதும், குன்றனால் திரும்ப இயலாது என்பது இக்கரையில் எல்லோருக்கும் தெரிந்துவிட்டது. அவன் நான் கண்ட அம்மூன்று ஊர்களின் வழியே உப்பு வண்டி ஓட்டியவன். அவ்வூரார் களத்தில் உண்டவன். அவன் இடத்தில் அமர மூன்று ஊராரும் தனித்தனியே ஆள் அனுப்பினர். மற்ற ஊரார் வரவே மாட்டார்கள் என்று ஒவ்வோர் ஊரும் உறுதியாக நம்பியதால் ஒருவரை ஒருவர் கேட்கவில்லை. வாசலில் எல்லோரும் ஒரே வேளையில் வந்து சேர, யார் முதலில் உட்காருவது என்று தள்ளுமுள்ளு நேர்ந்தது. தங்கள் காவலர் தடியெடுத்தது அப்போதுதான்.

நெய்தற்குடியின் உப்பு விற்பவள் கொற்றி, சிறையில் நடு இடம் பிடித்து அமர்ந்திருந்தாள். தண்டனை தலையில் விழக்கூடும் என்று அறிந்தும் ஏன் வந்தாய் என்றேன். அவள் சொன்னதை அவள் வாய்மொழியாகவே வரைகிறேன்: "நான் வராட்டா வேற எவன் வருவான்? காலம் அப்படிக் கெட்டுக் கெடக்கு, ஐயா." அவள் முதுகுக்குப் பின்னே கல்லரணத்தாரும் பனைமேட்டாரும் அமர்ந்து, ஆமாம் என்று தலையாட்டினர். நான் சிரித்தேன். சிரித்த பிறகு கண் கலங்கிற்று. அதை மறைக்க விரும்பவில்லை.

வெள்ளம் முழுதும் வடியுமுன்னே குன்றன் வந்தான். வாழைத்தண்டுகளைக் கட்டி நீந்தி வந்து, சேறு காயாத உடலோடு வாசலில் நின்று, உள்ளே இருப்பவர்களை வீட்டுக்கு அனுப்புமாறு வேண்டினான். பெண் பிறந்திருக்கிறாள். இன்னும் பெயரிடவில்லை.

நாட்டில் களவில்லை, பொய்யில்லை என்று நான் எழுத வரவில்லை. களஞ்சியத்தில் நெல் குறைந்தது மெய். குன்றன் குற்றவாளியோ அன்றோ என்பதை வழக்கு சொல்லட்டும். ஆயினும் கேடு நடந்தால் சந்தை முழுதும் பேசுகிறோம். பக்கத்து ஊரான் செய்த நன்மையை விசாரிக்கவும் மறந்துபோகிறோம். இதில் குடிகளைக் காட்டிலும் நம்மைப் போன்ற அதிகாரிகளே கெட்டிக்காரர்கள்.

ஆதலால் வேந்தர் பெயரால் விதிப்பது: சொற்பிணை முன்போலவே நிலைபெறும். அதை ஒழிக்க எழுதி என் கையில் தந்திருந்த ஆணையை நானே அடுப்பிலிட்டேன். குன்றன் வீட்டை நோக்கி எந்த ஏவலனும் படகேறக் கூடாது. மகளுக்குப் பெயரிட்டு வர அவன் மீண்டும் கதவில் கைவைக்கட்டும். அக்கதவைத் தாங்களே திறந்துவிடுக. அடைபட்டவர்களை விருந்தளித்து அனுப்புக.

இறுதியாக, அமர வந்தவர்களின் பெயர்களை மூன்று ஊரிலும் முரசறைந்து அறிவிக்க. ஆனால் எந்த ஊரிலும் அவ்வூராரின் பெயரைச் சொல்ல வேண்டா. மற்ற இரண்டு ஊரிலிருந்து யார் யார் வந்தனர் என்பதை மட்டும், எல்லோரும் கேட்கும்படி, உரக்கச் சொல்லுக.

மீன்கொத்தி இலச்சினை இட்டு, கீழைக்கரைச் சிறைவாசலில் இருந்தபடியே எழுதினேன், வெண்ணாகன். இது வேந்தர் சொல்.