பிழையான மேசைக்குப் போன கடிதம்

சென் ஜேம்ஸ் ரவுண், ரொறன்ரோ
19.11.1995

அன்பு மகள் ஜெயமலருக்கு அப்பா எழுதிக்கொள்வது,

நானும் அம்மாவும் உடம்பளவில் சுகம், திருச்சியில் நீயும் சின்னம்மா வீட்டாரும் குறையில்லாமல் இருக்க நல்லூர் முருகனை வேண்டுகிறேன். குளிர் தொடங்கியதோடு அம்மாவின் முழங்கால் நோவும் திரும்பி வந்துவிட்டது, லிப்ற் பழுதான நாட்களில் பதினேழாம் மாடியை விட்டு அசையமாட்டேன் என்கிறாள். சித்தப்பா குடும்பம் கொடிகாமத்தில் ஒரு பள்ளிக்கூடத்தில் தங்கியிருப்பதாகக் கொழும்பிலிருந்து தகவல் வந்தது, உயிரோடு இருக்கிறார்கள், இப்போதைக்கு அது போதும். இராணுவம் நெருங்க எங்கள் சனம் யாழ்ப்பாணத்தை விட்டு நடந்த அதே நாளில்தான் இங்கே கியூபெக் மாகாணம் கனடாவோடு இருப்பதா பிரிவதா என்று வாக்குப் போட்டது. மயிரிழையில் பிரியாமல் நின்றது, மறுநாள் எல்லோரும் வழக்கம்போல வேலைக்குப் போனார்கள். பிறம்ரனில் வெயர்ஹவுஸுக்குள் பெட்டி அடுக்கிக்கொண்டு நின்ற எனக்கு அழுகை வந்துவிட்டது, பக்கத்தில் நின்ற வெள்ளைக்காரன் நான் கியூபெக்கை நினைத்து அழுகிறேன் என்று முதுகில் தட்டிக்கொடுத்தான். நானும் தலையாட்டிவிட்டேன்.

ஊர்க்கதை எழுதி விஷயத்தை ஒளிக்கிறேன் என்று அம்மா பின்னால் நின்று முணுமுணுக்கிறாள். சரி, எழுதிவிடுகிறேன். உன்னைக் கனடாவுக்குக் கூப்பிடப் போட்ட பைல் மூடப்பட்டுவிட்டது. மூடியது அவர்கள், மூட வைத்தது நான்.

நாங்கள் தொண்ணூற்றொன்றில் உனக்கு விண்ணப்பம் போட்டபோது, கல்யாணமாகாத பிள்ளை என்றால் வயது பார்க்கமாட்டார்கள். அடுத்த வருடமே பத்தொன்பது வயதுக்கு உட்பட்ட பிள்ளைகள் மட்டும் என்று சட்டத்தை மாற்றிவிட்டார்கள், பழைய பைல் ஆனபடியால் உன்னுடையது தப்பி நின்றது. இந்த வருடம் மாசியில் குடிவரவு அலுவலகத்திலிருந்து எனக்கொரு கடிதம் வந்தது, சில விபரங்களை நிரப்பித் தொண்ணூறு நாளுக்குள் அனுப்பச் சொல்லி. நிரப்பித் தபாலில் போட்டிருந்தால் முடிந்தது. நான் அதை இராஜரட்ணத்திடம் காட்டினேன், அவன் முன்பு ஊரில் எங்களோடு அரசாங்கக் கச்சேரியில் வேலை செய்தவன், இப்போது கீழே நாலாம் மாடியில் இருக்கிறான். அவன் சொன்னது, அண்ணை, உதைச் சும்மா தபாலிலை போடாதேங்கோ, எலக்சன் வருகுது, எங்கட ஆள் வெல்லுவார், எம்.பி.யின்ர ஒரு கடிதத்தோட போனால் ஆர் மறிக்கிறது என்று. எனக்கும் அது சரியாகத்தான் பட்டது. ஊரில் இடமாற்றம் என்றாலும் எம்.பி.யின் கடிதம், தண்ணீர்க் குழாய் என்றாலும் எம்.பி.யின் கடிதம், அப்படியே பழகின கை. கடித உறையைக் கொண்டுபோய் அந்த வேட்பாளரின் அலுவலகத்தில் கொடுத்தேன். திறந்து பார்க்கட்டுமா என்று அங்கே வேலை செய்த பிள்ளை கேட்டது, அவருக்கு இப்போது கரைச்சல் கொடுக்க வேண்டாம், வென்ற பிறகு ஆறுதலாகப் பார்த்தால் போதும் என்று நான்தான் மறித்தேன். பிறகு வேலை முடிந்து வந்து இந்தப் பக்கத்துக் கட்டடங்களில் அவருக்காகக் கதவு கதவாகத் துண்டுப் பிரசுரம் கொடுத்தேன், எனக்கே அப்போது வாக்கு இல்லை.

ஆனியில் அவர் வென்றார். நானும் இராஜரட்ணமும் பொன்னாடையும் பழத்தட்டுமாகப் போனோம், அந்த மனிசன் பொன்னாடையைக் கழுத்துப் பட்டி போலச் சுற்றிக்கொண்டு எங்களோடு படம் எடுத்தார். அதன் பிறகுதான் உறையைத் திறந்தார்கள். நாங்கள் மாகாண சபை, இது எங்கள் வேலை இல்லையே, இது ஒட்டாவாவில் இருக்கிற மத்திய அரசாங்கத்தின் வேலை, இதைப் பற்றி இங்கே ஒரு சொல்லும் பேச எங்களுக்கு அதிகாரம் இல்லை என்றார்கள். தொண்ணூறு நாளும் வைகாசியோடு போயிருந்தது.

பிறகு மத்திய பாராளுமன்ற உறுப்பினரின் அலுவலகத்துக்குப் போனேன். அங்கே கிளடிஸ் என்று இளவாலைப் பக்கத்துப் பெண் ஒன்று வேலை செய்கிறது, பொறுமையான பிள்ளை. இந்த நாட்டில் அரசாங்கம் ஒன்றல்ல அங்கிள் என்று அவள்தான் ஒரு தாளில் கீறிக் காட்டினாள். ஆஸ்பத்திரி, பள்ளிக்கூடம் மாகாணத்துக்கு, வீசா பார்க்கிறது, குடியுரிமை கொடுக்கிறது ஒட்டாவாவுக்கு, குப்பை அள்ளுவது நகரசபைக்கு. ஒருவர் மற்றவரின் மேலதிகாரி இல்லை, ஒவ்வொருவருக்கும் எழுதிவைத்த எல்லை உண்டு. சரி பிள்ளை, உன்னுடைய எம்.பி. ஒட்டாவாதானே, அவர் அந்த அதிகாரிக்கு ஒரு உத்தரவு போடட்டும் என்று கேட்டேன். அதற்கு அவள் சொன்னாள், எம்.பி. கேட்கலாம் அங்கிள், உத்தரவு போடேலாது, அமைச்சர்தான் அந்த இலாகாவுக்குப் பொறுப்பு, பிழை நடந்தால் அவர்தான் சபையிலை எழும்பி நிண்டு பதில் சொல்ல வேணும், ஆனால் இதிலை இலாகாவின்ர பிழை ஒண்டும் இல்லையே என்று. அந்தக் கடைசிச் சொல் என்னைத் தைத்தது. ஆனாலும் அவள் விடாமல் மூன்று தரம் எழுதிப் பார்த்தாள். போன கிழமை முடிவான பதில் வந்தது. பழைய பைலைத் திறக்கமாட்டார்கள், புதிதாகப் போட்டால் புதுச் சட்டம், உனக்கு இருபத்தேழு வயது.

ஐந்து மாதம் இதை உன்னிடம் மறைத்தேன். அதுவும் எந்த மாதங்களில்? ஸ்ரீஸ்கந்தராசா வீட்டில் மூன்றாம் தரமும் பெண் கேட்கிறார்கள், தைக்குள் பதில் சொல்லாவிட்டால் வேறிடம் பார்ப்பார்கள் என்று நீ எழுதிய கடிதம் ஆவணியில் வந்தது. கல்யாணம் முடித்தால் பைல் கெடும், பொறு என்று நான் பதில் எழுதினேன். கெட்டுப்போன பைலுக்காக உன்னைக் காக்கச் சொல்லி எழுதினேன் மகள். வெட்கத்தில்தான் எழுதினேன், ஆனால் வெட்கம் ஒரு நியாயமாகாது. அந்தக் கடிதத்தை அம்மாவிடம் காட்டாமல் போட்டேன், தெரிந்த அன்று அவள் எனக்குச் சோறு போட்டுவிட்டு முகம் பாராமல் போய்ப் படுத்தாள்.

போன மாதம் நாங்கள் இருவரும் குடியுரிமைச் சத்தியம் எடுத்தோம். இங்கிலாந்து ராணிதான் கனடாவுக்கும் ராணி, அவருக்கும் அவருடைய வாரிசுகளுக்கும் விசுவாசமாக இருப்பேன் என்று கையை உயர்த்திச் சொல்ல வேண்டும். எங்களை ஆண்டு முடித்துவிட்டுப் போன வீட்டாருக்கு மறுபடியும் சத்தியமா என்று எனக்கு மனம் ஒப்பவில்லை. கிளடிஸிடம் கேட்டபோது சிரித்தாள். ராணியின் பெயரில்தான் எல்லாச் சட்டமும், அவருக்காக இங்கே ஆளுநர் நாயகம் கையெழுத்து வைப்பார், ஆனால் அமைச்சர்கள் சொல்கிறபடிதான் வைப்பார். அந்த அமைச்சர்களும் மக்கள் தெரிந்தெடுத்த சபையில் பெரும்பான்மை இருக்கும் வரைதான், நம்பிக்கை போய்விட்டால் கதிரையை விட்டு எழும்ப வேண்டும். பெயர் ராணியுடையது, தீர்மானம் ராணியுடையதல்ல. சத்தியம் எடுக்கும்போது இதுதான் மனதில் ஓடியது, கூடவே உன் முகமும்.

உன் வாழ்க்கையை நான் தலைநகரில் உட்கார்ந்த ராசா மாதிரித் தூர நின்று ஆண்டுவிட்டேன். யாரைக் கேட்டேன்? எந்தச் சபைக்குப் பதில் சொன்னேன்? இனி உன் விஷயத்தில் தீர்மானம் உன்னுடையது. ஸ்ரீஸ்கந்தராசா என்றால் அவர், வேறொருவர் என்றால் வேறொருவர், ஒருவரும் வேண்டாம் என்றாலும் சரி. கனடாவைக் கணக்கில் எடுக்காதே. எங்களுக்குப் பாஸ்போட் மார்கழியில் வரும், நீ நாள் எழுதினால் தையில் இருவரும் திருச்சிக்கு வந்து நிற்போம். அப்பா வரவேண்டாம், அம்மா மட்டும் வரட்டும் என்று நீ எழுதினால், அதற்கும் ஓம் என்று கையெழுத்து வைப்பேன்.

பிள்ளையாரும் நல்லூரானும் உனக்குத் துணை. சின்னம்மாவின் பிரஷர் மாத்திரை முடியாமல் பார்த்துக்கொள், குளிர் தண்ணீரில் தலை முழுகாதே. இந்தக் கடிதத்தைப் பதிவுத் தபாலில் நானே போடுகிறேன், யாரிடமும் கொடுத்தனுப்பவில்லை. கோபமாக இருந்தாலும் ஒரு வரி பதில் போடு.

உன் பதிலுக்குக் கட்டுப்பட்ட,
அப்பா
க. விநாயகமூர்த்தி