ஆவூராரைத் தேடிப் போனோம்

அக்கா,

இன்று கல்லறைத் திருநாள். கோயில் வாசலில் போட்டிருந்த கடையில் மெழுகுவர்த்தி வாங்கப் போனேன். "எத்தனைங்க வேணும்?" என்று கடைக்காரர் கேட்டார். வருஷா வருஷம் போல இந்த வருஷமும் ஒன்றா இரண்டா என்று விரலை மடக்கிக்கொண்டு நின்றேன். பக்கத்தில் ஒரு அம்மாள் மரவள்ளிக்கிழங்கு அவித்து விற்றுக்கொண்டிருந்தாள். அந்த ஆவி மூக்கில் ஏறியதும் மனசு ஆவூரை விட்டு மலாயாவுக்குப் போய்விட்டது.

யுத்தம் முடிந்த மறு வருஷம் நாம் இருவரும் நாகப்பட்டினத்தில் கப்பல் ஏறினோம். மச்சான் மலாயாவில் கெடாப் பக்கம் ரப்பர்த் தோட்டத்துக்குப் பால் வெட்டப் போனவர். ஜப்பான்காரன் அந்த நாட்டைப் பிடித்ததிலிருந்து அவரிடமிருந்து ஒரு தகவலும் இல்லை. சயாமில் ரயில் பாதை போட இழுத்துக்கொண்டு போனதாக ஒருவர் சொன்னார். செத்துவிட்டார் என்று இன்னொருவர் சொன்னார். கோயிலில் பெண்கள் உன் முகத்தைப் பார்க்காமல் கழுத்தைப் பார்த்துப் பேசத் தொடங்கினார்கள். "அடுத்தவன் வாயைக் கேட்டு நான் தாலியைக் கழட்ட மாட்டேன். நானே போயி பாத்துட்டு வாரேன்" என்றாய். உன்னைத் தனியாக அனுப்ப முடியாமல் நானும் புறப்பட்டேன்.

கப்பலில் நீ படுத்திய பாடு இருக்கிறதே! தகரப் பெட்டியின் கைப்பிடியை முந்தானையில் முடிந்துகொண்டு உட்கார்ந்திருந்தாய். சோறு போடுகிறவன் அளவைக் குறைக்கிறான் என்றாய். நம் பக்கத்தில் படுத்திருந்த அறந்தாங்கிக் கிழவர் தூங்குவது போல நடிக்கிறார் என்றாய். அவர் குறட்டை கப்பல் சத்தத்தையே அமுக்கியது. அதற்கும், "நல்லாப் பழகுன குறட்டைடா அது" என்றாய். சிரித்துச் சிரித்து எனக்கு வயிறு வலித்தது. நீ சிரிக்கவில்லை.

பினாங்கில் இறங்கிய பிறகு எனக்கும் சிரிப்பு போயிற்று. கடைகள் திறந்திருந்தன, லாரிகள் ஓடின, ஆனால் யாரும் யாரையும் நேராகப் பார்க்கவில்லை. வழி கேட்டால், "நீங்க யாரு? யாரு அனுப்பி வந்தீங்க?" என்று திருப்பிக் கேட்டார்கள். மச்சான் இருந்த தோட்டத்தில் பாதி காடாகிக் கிடந்தது. பூச்செடி இருந்த இடத்திலெல்லாம் பசிக்கு நட்ட மரவள்ளி. கூலிக்காரர்களின் லயத்து வீடுகளில் நம்மைக் கண்டதும் கதவுகள் சாத்திக்கொண்டன. ஒருத்தி மட்டும் ஜன்னல் வழியாக மெதுவாகச் சொன்னாள். "ஆள் பிடிக்க வந்தப்ப எந்த வீட்டுல யாரு ஒளிஞ்சிருக்கான்னு காட்டிக் கொடுத்தவங்களும் இங்கதாங்க இருக்காங்க. இப்ப யாரு எதை விசாரிக்க வந்தாலும் எல்லாருக்கும் பயந்தான்."

எனக்கு அந்த ஊர் மேல் கோபம் வந்தது. நீயோ மரத்தடியில் பெட்டி மேல் உட்கார்ந்து, முதல் தடவையாகக் கொஞ்சம் நிம்மதியாக, "இந்த ஊரு என்னைய மாதிரியே இருக்குடா" என்றாய்.

அந்த ஜன்னல்காரிதான் சயாமிலிருந்து திரும்பி வந்த ஒரு கங்காணியைப் பற்றிச் சொன்னாள். பல தோட்டத்து ஆட்களை மேய்த்தவர், சேலத்துப் பக்கத்துக்காரர். சுங்கைப்பட்டாணியில் ஒரு சாப்பாட்டுக் கடையின் பின்கட்டில் அவரைக் கண்டுபிடித்தோம். கால் இரண்டும் புண்ணாகிக் கட்டுப் போட்டிருந்தார். அங்கே ஆட்களை ஊர்ப் பேரைச் சொல்லித்தான் கூப்பிடுவார்கள் என்பதால், "ஆவூரார்" என்று கேட்டோம். அவர் உன் கழுத்தை ஒரு தடவை பார்த்தார். பிறகு நிதானமாகச் சொன்னார்.

"நல்ல மனுசனுங்க. காய்ச்சல்ல போயிட்டாரு. என் மடியிலதான் உசிரு போச்சு. குளிப்பாட்டி, நெத்தி நெறையத் திருநீறு பூசி, வாய்க்கரிசி போட்டு, தெக்கே தலை வச்சு நானேதான் பொதைச்சேன். ஒரு கொறையும் வைக்கலைங்க."

எனக்குக் கண் கலங்கிவிட்டது. நீ அழவில்லை. சேலைக்குள்ளிருந்து தாலியை எடுத்து அதிலிருந்த சிலுவையை அவர் முகத்துக்கு நேரே நீட்டினாய்.

"நாங்க வேதக்காரங்க. எங்க ஊரே வேதக்கார ஊரு. எம் புருசனுக்கு எதுக்குங்க திருநீறு?"

அந்த மனிதர் குனிந்து சிலுவையைப் பார்த்தார். சேலத்துக்காரருக்கு ஆவூரைப் பற்றி என்ன தெரியும்? உன் முகத்தில் அப்போது வந்த வெளிச்சத்தை நான் மறக்கவே மாட்டேன். பொய் பிடிபட்டுவிட்டது, ஆகவே மச்சான் உயிரோடு இருக்கிறார்! உன் கணக்கு அதுதான். என் கணக்கும் அதுதான்.

அவர் தலையைத் தொங்கப் போட்டுக்கொண்டு அழத் தொடங்கினார். "மன்னிச்சிருங்கம்மா. தேடி வர்ற எல்லாருக்கும் இதையேதான் சொல்றேன். காலரா வந்தப்ப யாரை எந்தக் குழியில தள்ளுனோம்னு எனக்கே தெரியாது. அதை எப்படிங்க ஒரு பொம்பளைகிட்டச் சொல்றது? ஆவூரார்னு ஒருத்தரு இருந்தாரு. படுத்தாரு. எந்திரிச்சு நான் பாக்கலை. அது நெசம்."

"செத்ததைப் பாத்தீங்களா?"

"பாக்கலைம்மா."

நீ பெட்டியைத் தூக்கிக்கொண்டு எழுந்தாய். "மொதல்ல சொன்னதும் ஒங்க வாயிதான். இப்பச் சொல்றதும் ஒங்க வாயிதான். நான் எதை நம்புறது?"

அந்தக் கேள்வியைத் தூக்கிக்கொண்டு அலைந்தோம். மூன்று தோட்டங்களில் கேட்டோம். ஒருவர் பார்த்ததாகச் சொன்னார், இன்னொருவர் அப்படி ஆளே இல்லை என்றார். திரும்பும் கப்பலில் நீ கடலைப் பார்த்துக்கொண்டே சொன்னாய். "அந்தாளு பொய் சொன்னப்ப எம் மனசு ஆறிப்போச்சுடா. மடியில படுத்துத்தான செத்தாருன்னு ஒரு நிமிசம் இருந்துச்சு. நெசத்தைச் சொன்னப்பதான் நம்ப முடியலை." நான் உன் கையைப் பிடித்துக்கொண்டேன். யுத்தம் முடிந்த நாடு என்றால் என்னவென்று எனக்கு அப்போதுதான் விளங்கியது. இரக்கத்துக்காக ஒருவன் சொல்லும் பொய்யையும், வெட்கத்தோடு அவன் சொல்லும் உண்மையையும் பிரித்துப் பார்க்க அங்கே யாருக்கும் வழி மிச்சமில்லை.

ஊருக்கு வந்து நீ மச்சானுக்காக இறந்தோர் பூசை வைக்கவில்லை. கல்லறைத் திருநாளில் அப்பாவுக்கும் அம்மாவுக்கும் மெழுகுவர்த்தி ஏற்றுவாய், அவருக்கு ஏற்ற மாட்டாய். பால்காரன் தட்டினாலும் மூன்று தடவை "யாரு?" என்று கேட்டுத் திறந்தவள், மலாயாவுக்குப் போய் வந்த பிறகு எந்தத் தட்டலுக்கும் கேட்காமலே திறந்தாய். உன்னை அடக்கம் செய்த அன்று பெண்கள் என்னைத் தனியே அழைத்து, தாலியை எடுத்துவிடலாமா என்று கேட்டார்கள். வேண்டாம் என்று சொல்லிவிட்டேன்.

இன்று கடைக்காரர் மறுபடியும் எத்தனை என்று கேட்டார். இரண்டு வாங்கினேன். ஒன்றை, அப்பா அம்மாவோடு நீயும் இருக்கும் கல்லறையில் ஏற்றி, காற்றில் அணையாமல் கையால் மறைத்துக்கொண்டு நின்றேன். மச்சானுக்கென்று வாங்கிய மற்றதை, ஒவ்வொரு வருஷமும் போல, ஏற்றாமலே சட்டைப் பையில் போட்டுக்கொண்டு வீட்டுக்கு வந்துவிட்டேன். செத்ததைப் பாத்தியாடா என்று நீ என்னைக் கேட்டால் நான் என்ன சொல்வேன், அக்கா?