விரலில் ஒட்டவில்லையாம்

அன்புள்ள பெரியவளுக்கு,

ஒரு சுவர் காய்ந்துவிட்டது என்று சொல்லும் உரிமை யாருக்கு? நேற்றிலிருந்து யோசிக்கிறேன், விடை தெரியவில்லை. மற்றபடி நாங்கள் நலம், என் கோபமும் நல்ல ஆரோக்கியத்தோடு இருக்கிறது. நீ அங்கே வேளைக்குச் சாப்பிட்டுத் தூங்கினால் எனக்குப் போதும்.

உன் மாமா நாளை ஆஸ்பத்திரியிலிருந்து நேரே இங்கே வருகிறான். நுரையீரலில் கத்தி வைத்த உடம்பு. அவனுக்கு ஒதுக்கிய உன் அறைச் சுவரில் பூஞ்சை பிடித்திருந்ததால்தான் பெயின்ட் வேலையே தொடங்கினோம். அவனைத்தான் உனக்குத் தெரியுமே, “கொஞ்சம் தொந்தரவுன்னாலும் சொல்லுக்கா, நான் லாட்ஜ்ல தங்கிக்கறேன்” என்று இப்போதே சாக்குத் தேடுகிறான். தனியாக அங்கே மூச்சு முட்டினால் யார் பார்ப்பது?

பெயின்டுக்கு முன் அடிப்பூச்சாகப் பிரைமர் அடித்த அன்று மழை. ஈரக் காற்றில் மெதுவாகத்தான் காயும், ஜன்னலையாவது திறந்து வையுங்கள் என்றேன். உன் அப்பா தூசி ஒட்டுமென்று எல்லாவற்றையும் சாத்தி, வாசலில் ஈரச் சாக்கைத் தொங்கவிட்டு, தரையையும் துடைத்துவிட்டு வந்தார். காய வேண்டிய அறைக்குள் ஒரு குளத்தையே வைத்த மனிதர், “பாத்தியா, ஒரு தூசி இல்ல” என்று என்னிடமே பெருமை பேசுகிறார். பெயின்டரோ பிரைமரை ஒரே பூச்சில் முடிக்கப் பார்த்து, கெட்டியாக இழுத்திருக்கிறார். கேட்டால், “விரல்ல ஒட்டல மேடம், காஞ்சிடுச்சு.” விரலில் ஒட்டாதது மேல்தோல் மட்டும். நகத்தால் அழுத்தினேன், மாவு போல் பதிந்தது. இதன்மேல் பெயின்ட் ஏறினால் உள் ஈரம் வெளியேற வழியில்லை, நெடியும் சீக்கிரம் போகாது, பிறகு எல்லாம் சேர்ந்து உரியும். சொன்னதற்கு உன் அப்பா, “காலேஜ் படிப்பையெல்லாம் செவுத்துகிட்டயா காட்டுவ?” என்றார், பெயின்டரும் கூடச் சிரித்தார். இதற்குக் காலேஜ் எதற்கு? மடித்துக் காயப்போட்ட துணி மேலே உலர்ந்து உள்ளே சொதசொதவென்று இருப்பதை இவர்கள் பார்த்ததே இல்லையா? மத்தியானமே பெயின்ட் அடித்து முடித்துவிட்டார்கள்.

நீ நன்றாக இரு, நினைத்ததெல்லாம் கைகூடட்டும். மாமாவுக்கு மறக்காமல் போன் போடு, உடம்பைப் பற்றி மட்டும் கேட்டுவிடாதே, எல்லாருக்கும் தொந்தரவு என்று லாட்ஜுக்குக் கிளம்பிவிடுவான்.

உன் நலமே நினைக்கும்,
அம்மா

மறுநாள் சேர்த்து எழுதுகிறேன். மாமா காலையில் வந்தான். அறை வாசலிலேயே இருமல் பிடித்துக்கொண்டது. “பரவால்லக்கா, நான் கிளம்பறேன்” என்று பையோடு திரும்பினான். உன் அப்பா பையைப் பிடுங்கி எங்கள் அறையில் வைத்துவிட்டு, தன் தலையணையை ஹாலுக்கு எடுத்துவந்தார். மாமா இப்போது நன்றாகத் தூங்குகிறான். உன் அப்பாவும் சோபாவில் சாய்ந்திருக்கிறார், அது குட்டை, கால் வெளியே நீட்டிக்கொண்டிருக்கிறது. போர்வை கொடுத்தேன்.