பதினான்காம் எண்ணுக்கு எதிரே

அன்புள்ள அப்பா,

நீங்கள் போய்ப் பத்து வருஷத்துக்கு மேல் ஆகிறது. இத்தனை நாளும் மனசுக்குள் பேசியதோடு சரி. இப்போது எழுதியே ஆக வேண்டியிருக்கிறது. உங்களைப் பற்றி ஒரு காரியம் செய்திருக்கிறேன், உங்களைக் கேட்காமல்.

வெண்ணாற்றில் தண்ணீர் வந்துவிட்டது. நம் நிலத்தைக் குத்தகைக்கு எடுத்திருப்பவர் நேற்றுதான் நாற்று விட்டார். எனக்கு முழங்கால் வலியைத் தவிர வேறு குறை இல்லை.

விஷயம் இதுதான். பத்தொன்பது வயதில் நீங்கள் செயலாளராக இருந்தீர்களே, நம் நீடாமங்கலம் வாலிபர் சங்கம், அதன் வரலாற்றைப் புத்தகமாகப் போட்டிருக்கிறோம். வெள்ளைக்காரன் காலத்தில் இந்தப் பக்கம் ஊருக்கு ஊர் இப்படி ஒரு சங்கம் இருந்ததாம். காலையில் ஆற்று மணலில் சிலம்பம், சாயங்காலம் பத்திரிகை படித்துக் காட்டுவது, கதர் விற்பது, கள்ளுக்கடை மறியல். எல்லாரும் இருபத்தைந்து வயதுக்கு உட்பட்டவர்கள். புத்தக வேலையை முன்னின்று செய்தவர் செல்வராஜ் சார். சங்கத் தலைவரின் மகன், ஓய்வு பெற்ற தலைமையாசிரியர். அவர் வீட்டுப் பரணில் பழைய உறுப்பினர் நோட்டு கிடைத்தது. என்னிடம் கொண்டுவந்து காட்டினார்.

பென்சிலில், உங்கள் கையெழுத்து. பெயர், தகப்பனார் பெயர், தெரு. இருபத்திரண்டு வரை எண் போட்டிருந்தீர்கள். பதினான்குக்கு எதிரே மட்டும் ஒன்றுமில்லை.

"உங்க அப்பா ஏதோ ஞாபகத்துல விட்டுட்டாரு போல. நம்பரைச் சரிபண்ணி அச்சுக்குக் குடுத்துடறேம்மா" என்றார் செல்வராஜ் சார்.

"கொஞ்சம் பொறுங்க சார்" என்றேன். அந்த இடம் யாருடையது என்று எனக்குத் தெரியும். தஞ்சாவூர் ஆஸ்பத்திரியில் உங்களுக்கு மத்தியானக் கஞ்சியை ஆற்றிக்கொண்டிருந்தபோது நீங்களே சொன்னதுதானே.

வேலாயுதம். உங்கள் வயது. பண்ணையாள் வீட்டுப் பிள்ளை, ஸ்டேஷனில் மூட்டை தூக்கியவர். நம் தெருவில் அவர் கால் வைக்க முடியாத காலம் அது. சர்க்கார் தடைசெய்த நோட்டீஸ்களைக் கூட்ஸ் வண்டிகளில் ஒட்டினால் அவை நாகூர் வரைக்கும் போகும். யாரும் சந்தேகப்படாமல் ரயில்வே யார்டுக்குள் போய்வர அவர் ஒருவரால்தான் முடிந்தது. அதனால் அவரைச் சங்கத்தில் சேர்த்துப் பெயரையும் எழுதினீர்கள். மிராசுதார் வீட்டுப் பிள்ளைகள் நாலு பேர் எழுந்து, "அவன் பேரும் எங்க பேரும் ஒரே பக்கத்துலயா?" என்று கேட்டார்கள். நீங்கள் ரப்பரை எடுத்தீர்கள்.

பெயர் போன பிறகும் அவர் ஒட்டுவதை நிறுத்தவில்லை. இரண்டு மாதம் கழித்துப் பிடிபட்டார். யார் கொடுத்தது என்று கேட்டுப் பிரம்பால் அடித்தார்கள். வாயைத் திறக்கவில்லை. பிறகு போலீஸ் உங்களைக் கூப்பிட்டனுப்பியது. "இவன் உங்க சங்கத்து ஆளா?" என்று இன்ஸ்பெக்டர் கேட்டார். "இல்லீங்க" என்று சொல்லி நோட்டை நீட்டினீர்கள். அதில் அவர் பெயர் இல்லை. நீங்கள் இருபத்தோரு பேரும் வீட்டில் இருந்தீர்கள். அவர் ஜெயிலுக்குப் போனார்.

"நோட்டு பொய் சொல்லலம்மா. அதான் கஷ்டமா இருக்கு" என்றீர்கள்.

தியாகிப் பட்டயத்துக்கு நீங்கள் ஏன் மனுப் போடவில்லை, சுதந்திர தினத்தில் கொடியேற்றக் கூப்பிட்டால் ஏன் விடிவதற்குள் வயலுக்குக் கிளம்பிவிடுவீர்கள் என்பதெல்லாம் எனக்கு அன்றுதான் புரிந்தது. சின்ன வயதில் அதற்காக உங்கள் மேல் எவ்வளவு கோபப்பட்டிருக்கிறேன்.

எல்லாவற்றையும் செல்வராஜ் சாரிடம் சொன்னேன். "போட்டா உங்க அப்பாவுக்குத்தாம்மா கெட்ட பேரு. யோசிச்சுக்குங்க" என்றார்.

யோசித்தேன். ஆனால் நான் மட்டும் யோசித்துப் பயனில்லை. வேலாயுதம் பின்னாளில் கோடியக்கரைப் பக்கம் உப்பளத்துக்குப் போய்விட்டதாகச் சொல்லியிருந்தீர்கள். அவரைத் தேடி ஒருமுறை வேதாரண்யம் வரை பஸ்ஸில் போய்த் திரும்பிவிட்டதாகவும் சொன்னீர்கள். ஏன் திரும்பினீர்கள் அப்பா? அதை நான் கேட்கவில்லை.

வைகாசியில் நான் போனேன். அவர் இறந்து இருபது வருஷம் ஆகிவிட்டது. மகள் அஞ்சம்மாள் இருக்கிறார். என்னைவிட மூத்தவர், உப்பளத்திலேயே காலம் கழித்தவர். யாருடைய மகள் நான் என்று சொன்னதும் உள்ளே கூப்பிட்டு நாற்காலி போட்டார். அவருடைய அப்பாவுக்குத் தெரியாமல் நீங்கள் பெயரை அழித்துவிட்டீர்கள் என்று மெல்ல ஆரம்பித்தேன்.

"தெரியாமயா? எங்க அப்பா பக்கத்துல நிக்கிறப்பதானங்க அழிச்சாரு" என்றார்.

இதை நீங்கள் என்னிடம் சொல்லவில்லை.

"அப்ப உங்க அப்பா என்ன சொன்னாங்களாம்?"

"பேர அழிச்சாலும் நம்பர அழிக்காத, அது இருக்கட்டும்னாராம். பின்னால எழுதிருவாருன்னு நம்புனாரு. சிநேகிதந்தானேங்க."

சுதந்திரம் வந்த பிறகாவது எழுதியிருக்கலாமே அப்பா? நோட்டு தலைவர் வீட்டில்தான் இருந்தது. நம் வீட்டிலிருந்து நாலு தெரு.

"அவருக்கு எங்க அப்பா மேல கோவம் இருந்துச்சாங்க?" என்று கேட்டேன்.

"இல்லாம இருக்குமா? ஆனா அந்தாளு எழுத்து முத்து மாதிரி இருக்கும்னு சொல்லிக்கிட்டேதான் திட்டுவாரு."

புத்தகத்தில் போடலாமா என்று கேட்டேன். "போடுங்க. அடி வாங்குனதப் போடுங்க. அழிச்சதயும் போடுங்க" என்றார்.

உங்கள் சார்பில் மன்னிப்புக் கேட்கும் எண்ணத்தோடுதான் போயிருந்தேன். அங்கே உட்கார்ந்ததும் அது என் வேலையில்லை என்று தோன்றிவிட்டது. அவரும் மன்னித்ததாக ஒன்றும் சொல்லவில்லை. மீன் குழம்பு இருக்கிறது, சாப்பிட்டுப் போகலாம் என்றார். சாப்பிட்டேன்.

போன ஞாயிற்றுக்கிழமை வெளியீட்டு விழா நடந்தது. பதினான்காம் எண்ணில் வேலாயுதத்தின் பெயர் அச்சாகியிருக்கிறது. அது ஏன் நோட்டில் இல்லை என்று நான் எழுதிய ஆறு பக்கமும் சேர்ந்திருக்கிறது. அந்த நாலு பேர் குடும்பங்களில் இரண்டு வரவில்லை. வந்த ஒருவர் எழுந்து, "பெத்த அப்பாவ இப்படி நாலு பேர் முன்னால பேசலாமா?" என்று கேட்டார்.

"அவரு சொல்லாம எனக்கு எப்படிங்க தெரியும்?" என்றேன். அவர் உட்கார்ந்துவிட்டார். உங்களைக் காப்பாற்றச் சொன்ன பதில் இல்லை அது. உண்மையே அதுதானே.

அஞ்சம்மாள் மகனோடும் பேரனோடும் வந்து முதல் வரிசையில் இருந்தார். விழா முடிந்ததும் பேரன் அவருக்கு ஆறு பக்கத்தையும் படித்துக் காட்டினான். கேட்டு முடித்து என்னைக் கூப்பிட்டார்.

"நல்லா இருக்கு. ஆனா ஒண்ணு விட்டுப்போச்சு. அந்த நோட்டீஸ யார்டு வரைக்கும் கொண்டுபோனது எங்க அம்மா. புல்லுக்கட்டுக்குள்ள வெச்சுத் தலையில தூக்கிட்டுப் போவாங்களாம். காத்தாயின்னு பேரு."

இது உங்களுக்குத் தெரியுமா அப்பா? தெரிந்தும் சொல்லவில்லையா, இல்லை அவர்கள் உங்களிடமே சொல்லவில்லையா?

ஐப்பசி மழைக்கு முன்னால் மறுபடியும் கோடியக்கரைக்குப் போகிறேன். காத்தாயியைப் பற்றி அஞ்சம்மாள் சொல்வதையெல்லாம் பக்கத்தில் உட்கார்ந்து எழுதிக்கொண்டு வருவேன். அடுத்த பதிப்பில் அந்த அம்மாள் இருப்பார். அங்கே உங்களைப் பற்றி நான் என்ன கேட்டு வந்தாலும், நல்லதோ கெட்டதோ, முதலில் உங்களிடம்தான் சொல்வேன்.

இன்னும் உங்கள் மேல் பிரியமுள்ள மூத்த மகள்,
கமலா