மொட்டை மாடித் துணி

17 நவம்பர் 1984, சனி

சித்தப்பா மகன் ஸ்டீபன் மெட்ராஸில் எடுத்த சின்னப் படத்தை இன்று சாயங்காலம் சர்ச் ஹாலில் வெள்ளை வேட்டியைத் திரையாகக் கட்டிப் போட்டுக் காட்டினார்கள். கதையே கிடையாது. குழாயடியில் குடங்கள், பஸ்ஸில் தொங்குகிற ஆட்கள். மொட்டை மாடியில் ஒரு பெண் துணி காயப்போடுகிறாள், வானம் இருட்டுகிறது. அவ்வளவுதான்.

பாதியில் கரடியூர்க்காரர் ஒருவர் எழுந்து, "ஏனுங்க, படம் எப்பங்க போடுவீங்க?" என்று கேட்டார். எல்லோரும் சிரித்தார்கள். நான் கொஞ்சம் அதிகமாகவே சிரித்தேன். ஸ்டீபன் முகம் சுண்டிப்போனது. வருஷா வருஷம் கிறிஸ்துமஸுக்கு இதே ஹாலில் நான் எழுதும் நாடகம்தான் நடக்கும். ஊரே வரும். அது அப்படியே இருக்கட்டும் என்று நினைத்துக்கொண்டு ஊடு வந்து சேர்ந்தேன்.

படுத்ததும் மழை பிடித்தது. பக்கத்தில் என் சம்சாரம் மேரி புரண்டு புரண்டு படுத்தாள்.

"ஏனுங்க, அந்தப் புள்ள துணியெல்லாம் எடுத்திருப்பாளாங்க?"

எந்தப் புள்ள என்று கேட்டேன். தெரிந்தேதான் கேட்டேன். பிறகு எழுந்து வந்து இதை எழுதுகிறேன்.

என் நாடகத்தில் ராஜா வெட்டச்சொன்ன பச்சைப் பிள்ளைகளுக்காகக்கூட இவள் ஒருநாளும் தூக்கம் கெட்டதில்லை.